ஐம்பத்திரண்டாவது நிமிஷம்

காயில்காரர் பொய் சொல்லத் தெரியாத மனிதர் என்று அந்தத் தெருவில் ஒரு பேச்சு உண்டு. ஓடாத ஃபேனைக் கொண்டுபோய்க் கொடுத்தால், "இதுக்கு இனிமே உசுரு கிடையாது, வீணா என்கிட்ட செலவு பண்ணாதீங்க" என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவார். அப்பேர்ப்பட்டவர் ஆயுசில் ஒரே ஒரு பொய்தான் சொல்லியிருக்கிறார். அதுவும் இரண்டே வார்த்தை. அந்த இரண்டு வார்த்தையை மூடி வைக்க மனிதர் இருபத்தெட்டு வருஷமாகப் படாத பாடு படுகிறார், இன்னும் மூடின பாடில்லை.

அன்றைக்குக் காலை பத்து மணிக்கே வெயில் கடைக்குள் வந்து உட்கார்ந்துவிட்டது. காயில்காரர் ஒரு மோட்டாருக்குச் செம்புக் கம்பி சுற்றிக்கொண்டிருந்தார். சுற்றும்போது மனசுக்குள் எண்ண வேண்டும், எண்ணிக்கை தப்பினால் அவிழ்த்துவிட்டு முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். அதனால் அவர் சுற்றும்போது தெருவில் யாரும் பேச்சுக் கொடுக்க மாட்டார்கள். குடையை மடக்கிக்கொண்டு வாசலில் வந்து நின்ற பெண்ணுக்கு அது தெரியாது.

"ஐயா, அம்மா இருக்காங்களா?"

"வேலைக்குப் போயிருக்கா. ஆஸ்பத்திரி சலவைக்கூடம். ரெண்டு மணிக்கு மேலதான் வருவா." நூற்றுப் பத்து, நூற்றுப் பதினொன்று.

"இல்லை ஐயா, நான் கேக்கறது நடிகை அம்மாவை."

"நானும் அவளைத்தாம்மா சொல்றேன்."

அந்தப் பெண் தொலைக்காட்சி நிலையத்திலிருந்து வந்திருந்தாள். நிலையம் ஆரம்பித்து முப்பத்தைந்து வருஷம் ஆகிறதாம், அதற்கு ஒரு விழா நிகழ்ச்சியாம். பழைய சாமான் கிடங்கைச் சுத்தம் பண்ணும்போது ஒரு தகர டப்பா கிடைத்ததாம். அந்தக் காலத்து நாடகம் எல்லாம் நேரடியாக நடந்து காற்றோடு போனது, எதையும் பிடித்து வைக்கவில்லை. இந்த ஒன்றை மட்டும் வெளியூர் நிலையத்துக்கு அனுப்புவதற்காகப் படமாகப் பிடித்திருக்கிறார்கள். அனுப்பாமலே போட்டுவிட்டார்கள்.

"எந்த நாடகம்?" என்றார் காயில்காரர்.

அந்தப் பெண் சிரிப்பை அடக்கிக்கொண்டாள். "அதுதான் ஐயா. அம்மா எந்திரிச்சாங்களே, அது."

நூற்று எத்தனை? போயே போச்சு. காயில்காரர் கம்பியைக் கீழே வைத்தார்.

"அவ வரமாட்டா. நீங்க வேற யாரையாவது பாருங்க."

"அம்மாகிட்டயே ஒரு வார்த்தை கேட்டுடறேனே."

"கேக்க வேண்டியதில்லை. நான் சொல்றேன் இல்லே?"

அவர் குரல் உயர்ந்து யாரும் கேட்டதில்லை. எதிர்க்கடைத் தையல்காரர் மிஷினை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார். அந்தப் பெண்ணும் லேசுப்பட்டவள் இல்லை. சலவைக்கூடத்துக்கு வழி கேட்டு நேரே அங்கேயே போய்விட்டாள்.

இப்போது அந்த எழுந்த கதையைச் சொல்லியாக வேண்டும்.

அதற்கு முன்னால் அவள் ஆறு வருஷம் அந்த நிலையத்தில் நடித்திருந்தாள். நூற்று நாற்பது நாடகம். வாரா வாரம் வியாழக்கிழமை சாயங்காலம், ஒரு மணி நேரம், நடுவில் நிறுத்தம் கிடையாது. கதவைத் திறந்து "டாக்டர் வந்துட்டாரு" என்று சொல்ல அவளை விட்டால் ஆள் இல்லை. நர்ஸ், பக்கத்து வீட்டுக்காரி, போலீஸ்காரர் பெண்டாட்டி, சாட்சி சொல்ல வருகிறவள், இப்படியே ஓடியது. சினிமாவில் நாலு படம். ஒன்றில் டெலிபோன் பேசினாள், ஒன்றில் அறை வாங்கினாள், மற்ற இரண்டில் அவளுடைய முதுகு நடித்தது. ஆனால் தொலைக்காட்சியில் தன்னை அவள் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. ஊரே பெட்டி முன்னால் உட்கார்ந்திருக்கும் நேரத்தில் அவள் பெட்டிக்குள்ளே இருப்பாள், எப்படிப் பார்ப்பாள்?

ஏழாவது வருஷம்தான் முதல் தடவையாகக் கதாநாயகி வேஷம் கிடைத்தது. ஒரு தாய். ஐம்பதாவது நிமிஷம் செத்துப்போவாள். கட்டிலில் அவளைக் கிடத்திவிட்டுப் பிள்ளைகள் சண்டை போடுவார்கள். அது முடிந்ததும் காட்சி மாறி, அதே தாய் பதினெட்டு வயசுப் பெண்ணாகப் பாலத்தில் நிற்பாள். நடுவில் அவளுக்குக் கிடைப்பது நாற்பது விநாடி. அதனால் போர்வைக்குள்ளே பூப்போட்ட கவுனை முன்கூட்டியே மாட்டிக்கொண்டு படுத்திருந்தாள். கேமரா எப்போது தன்னை விட்டது என்று தெரிந்துகொள்ள ஒரே வழி, கேமரா நெற்றியில் இருக்கிற சிவப்பு பல்பு. அது எரிந்தால் மூச்சு விடக்கூடாது. அணைந்தால் எழுந்து ஓட வேண்டும்.

ஐம்பத்திரண்டாவது நிமிஷம், பிள்ளைகள் சண்டை பாதியில் இருக்கும்போது, செத்துப்போன தாய் கண்ணைத் திறந்தாள். போர்வையை உதறினாள். நரைத்த முடியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு, பூப்போட்ட கவுனோடு அரக்கப் பரக்க ஓடினாள். மூத்த மகனாக நடித்தவர் அழுதுகொண்டே, "அம்மா, எங்களை விட்டுப் போயிட்டியே" என்றார். ஊர் சிரித்த சிரிப்பு ஆறு மாசத்துக்கு அடங்கவில்லை. பத்திரிகையில் கேலிச்சித்திரம் போட்டார்கள். அதற்கப்புறம் அவளுக்கு எந்திரிச்சம்மா என்றே பேராகிவிட்டது. இரண்டு வருஷம் கதவுக்குப் பின்னாலிருந்து குரல் கொடுக்கிற வேஷம் கொடுத்தார்கள், பிறகு அதுவும் நின்றது.

மறுநாள் விசாரணை நடந்தது. "பல்பு அணைஞ்சது" என்றாள் அவள். கேமராக்காரருக்குத் தெரியாது, அவர் பின்னால் நின்று கேமராக் குழிக்குள் கண்ணைப் புதைத்துக்கொண்டிருப்பவர். இயக்குநர் நிலையத்தின் மூன்று கேமராவின் பல்புகளையும் பார்த்துக்கொள்கிற பையனைக் கூப்பிட்டார். "பல்பு எரிஞ்சுதாப்பா?"

"எரிஞ்சுது சார்."

அந்த இரண்டு வார்த்தைதான்.

நடந்தது இதுதான். அன்று சாயங்காலம், கட்டிலைப் பார்த்து நின்ற ரெண்டாம் கேமராவின் பல்பு ஹோல்டர் லூசாக இருந்தது. ஸ்டோர்க்காரர் ஐந்து மணிக்கே பூட்டிக்கொண்டு போய்விட்டார். பையன் சிகரெட் பாக்கெட்டின் வெள்ளித்தாளைச் சுருட்டி ஹோல்டருக்குள் திணித்தான். ஒரு மணி நேரம் தாங்கும் என்று நினைத்தான். ஐம்பத்திரண்டு நிமிஷம் தாங்கியது. களேபரத்தில் ஓடிப்போய் விரலால் ஒரு அழுத்து அழுத்தினான், பல்பு மறுபடி எரிந்தது. அந்தப் பையன்தான் எட்டு மாசம் கழித்து அவளைக் கல்யாணம் பண்ணிக்கொண்டு, நிலையத்து வேலையை விட்டுவிட்டு, இந்தத் தெருவில் காயில் கட்ட உட்கார்ந்தவன்.

இத்தனை வருஷமும் அவர் இதை நினைக்காமல் இருந்தார் என்று சொல்ல முடியாது. ஆனால் பயம் இல்லை. காற்றோடு போன நாடகத்துக்கு யார் சாட்சி? இன்றைக்குத்தான் பயம் வந்தது. கட்டிலுக்குப் பின்னால் ஒரு கண்ணாடி பீரோ நின்றது அவருக்கு நினைவு வந்துவிட்டது. கண்ணாடியில் கேமரா தெரியக்கூடாது என்று அதன்மேல் ஈரச் சோப்பை வட்ட வட்டமாகத் தேய்ப்பார்கள். அதுவும் அவர் வேலைதான். முழுசாகத் தேய்த்தாரா? வெள்ளித்தாளோடு மல்லுக்கட்டியதில் நேரம் போய்விட்டது. மேல்பாகம் தேய்த்தாரா, இல்லையா? எவ்வளவு யோசித்தும் கை மட்டும் ஞாபகம் வருகிறது, கண்ணாடி வரவில்லை.

இரண்டரை மணிக்கு அவள் வந்தாள். நாள் பூராவும் ஆவியில் நின்று விரிப்புகளை இஸ்திரி போட்டு வருகிறவள், வந்ததும் ஒரு சொம்புத் தண்ணீரை மடமடவென்று குடிப்பாள். அன்றைக்குக் குடிக்காமலே பேசினாள்.

"என்னங்க, நான் வரமாட்டேன்னு சொன்னீங்களாமே."

"ஊர் மறந்து போன விஷயத்தை எதுக்குக் கிளறணும்னு சொன்னேன்."

"ஊரா மறந்துச்சு? காலையில ரொட்டிக்கடைக்காரன்கூட, 'என்ன எந்திரிச்சம்மா, சீக்கிரமே எந்திரிச்சாச்சா'ங்கறான்."

டெலிபோன் நிலையத்தில் வேலை பார்க்கிற மகள் அப்போதுதான் சாப்பிட வந்திருந்தாள். தட்டைத் தள்ளி வைத்தாள்.

"அம்மா, அவங்க உன்னை எதுக்குக் கூப்பிடறாங்கன்னு புரியுதா? நடுவுல உக்கார வச்சுச் சிரிக்கறதுக்கு. பள்ளிக்கூடத்துல என்னைப் பாத்தா மேஜைமேல படுத்து எந்திரிச்சுக் காட்டுவாங்க. நான் பட்டது போதாதா?"

"நீ பட்டதை நான் இல்லைன்னா சொன்னேன்?"

"அப்புறம் எதுக்குப் போறே?"

"நான் என்னைப் பாத்ததே இல்லைடி." சாதாரணமாகத்தான் சொன்னாள், விலை கேட்கிற மாதிரி. "நூத்து நாப்பது நாடகம். எல்லாரும் பாத்தாங்க, உங்க அப்பா பாத்தாரு. நான் மட்டும் பாக்கலை. மிச்சம் இருக்கறது இது ஒண்ணுதான். எந்திரிச்சு ஓடறது இருக்கட்டும், அதுக்கு முன்னால அம்பது நிமிஷம் இருக்கில்லே? அதை யாரும் பேசலையே. நல்லாப் பண்ணினேனா, சொதப்பினேனா, செத்துப் போறதுக்குள்ள தெரிஞ்சுக்கறேன்."

"நல்லாத்தான் பண்ணினே" என்றார் காயில்காரர்.

"நீங்க சொல்லுவீங்க. வியாழக்கிழமை படத்தை எனக்குப் போட்டுக் காட்டறாங்களாம். பாத்துட்டு முடிவு சொல்லச் சொல்லிருக்காங்க. நீங்களும் வாங்க."

அவருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. வேலை இருக்கிறது என்றார். நாலு மோட்டார் நிற்கிறது என்றார். அவள் சொம்பை எடுத்துக்கொண்டே, "அது நாலும் எங்கேயும் ஓடிப்போகாது. நீங்க கட்டினாத்தானே ஓடும்?" என்றாள்.

வியாழக்கிழமை நிலையத்தில் ஒரு சின்ன அறை. நாலு நாற்காலி, சுவரில் வெள்ளைத் திரை. பூஞ்சை வாடை அடித்தது. அந்தப் பெண், படம் ஓட்டுகிறவர், இவர்கள் இரண்டு பேர், அவ்வளவுதான். விளக்கை அணைத்ததும் காயில்காரர் நாற்காலிக் கையை இறுகப் பிடித்துக்கொண்டார்.

அவள் திரையில் வந்தாள். இருபத்தாறு வயசுக்காரி, அறுபது வயசுத் தாயாக, சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாள். காயில்காரர் படத்தைப் பார்த்ததைவிடப் பக்கத்து நாற்காலியைத்தான் அதிகம் பார்த்தார். முதலில் அவள் சும்மா இருந்தாள். பிறகு முன்னால் குனிந்தாள். திரையில் இருந்தவள் பேசப் பேச, இவள் உதடும் ஒரு சொல் விடாமல் கூடவே அசைந்தது. இன்னொருத்தர் வசனத்துக்கும் அசைந்தது.

ஐம்பதாவது நிமிஷம் தாய் செத்தாள். ஒரு சத்தமில்லை, ஒரு துடிப்பில்லை. விரல் மட்டும் போர்வையை விட்டது. காயில்காரர் பக்கத்து நாற்காலியை மறந்து திரையையே பார்த்தார். அன்று அவர் இதைப் பார்க்கவில்லை, பல்பைப் பார்த்துக்கொண்டு நின்றார். இவ்வளவு பெரிய வேலையையா இத்தனை வருஷம் ஊர் சிரித்தது என்று நினைத்தார்.

கட்டிலுக்குப் பின்னால் பீரோ. கண்ணாடியில் சோப்பு மங்கலாக, வட்ட வட்டமாக இருந்தது. மேலே ஒரு சாண் அகலத்துக்கு இல்லை. அந்த இடத்தில் கேமரா பல்பு, கறுப்பு வெள்ளைப் படமானதால், ஒரு வெள்ளைப் புள்ளியாக எரிந்துகொண்டிருந்தது. அவர் அதையே பார்த்தார். புள்ளி ஒரு தடவை துடித்தது. பிறகு இல்லை. உடனே தாய் கண்ணைத் திறந்தாள்.

அந்தப் பெண் சிரித்துவிட்டு, "மன்னிச்சுக்கங்க அம்மா" என்றாள்.

விளக்குப் போட்டார்கள். புள்ளியை யாரும் பார்க்கவில்லை. எந்திரிக்கிறவளைத்தான் எல்லாரும் பார்ப்பார்கள், பீரோவை யார் பார்ப்பார்கள்? காயில்காரர் தப்பித்தார். இனி ஆயுசுக்கும் பயமில்லை.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "நல்லாத்தான் பண்ணியிருக்கேன், இல்லே?"

"ரொம்ப நல்லாப் பண்ணியிருக்கீங்க அம்மா."

"சரி, வரேன். வந்து உக்காந்து நானும் சிரிக்கறேன். தப்பு என்னோடதுதானே, சிரிச்சுட்டுப் போகட்டும்."

அவள் சாதாரணமாகச் சொன்னாள், அதுதான் வினை. அழுதிருந்தால் காயில்காரர் வாயைத் திறந்திருக்க மாட்டார், தேற்றிவிட்டு வீட்டுக்குக் கூட்டிப் போயிருப்பார்.

"அதை இன்னொரு தடவை ஓட்டுங்க" என்றார். "அவளைப் பாக்க வேண்டாம். பீரோக் கண்ணாடியைப் பாருங்க, மேல."

மூன்று தடவை ஓட்டினார்கள். மூன்றாவது தடவை புள்ளி அணைவதை எல்லாருமே பார்த்துவிட்டார்கள். அவள் எழுந்து கைப்பையை எடுத்துக்கொண்டு வெளியே போனாள். காயில்காரர் பின்னாலேயே போனார்.

பஸ் நிறுத்தத்தில் இரண்டு பஸ்ஸை விட்டாள். அவர் வெள்ளித்தாளிலிருந்து விரலால் அழுத்தியது வரை ஒன்று விடாமல் சொன்னார். சொல்லி முடித்ததும் மூன்றாவது பஸ்ஸும் போனது.

"கண் டாக்டர்கிட்ட மூணு தடவை போனேன்" என்றாள். "கூட வந்தது நீங்கதான்."

"ஆமா."

"கண்ணுல ஒண்ணுமில்லைன்னாரு. அப்ப மண்டையிலதான் கோளாறுன்னு நினைச்சேன். அதுக்கப்புறம் ரெண்டு வருஷம் நின்னேனே, எதுக்காவது லாயக்கா இருந்தேனா? எரியுதா, எரியலையான்னு பல்பையே பாத்துக்கிட்டிருந்தா வசனம் எங்கேருந்து வரும்? ஊர் சிரிச்சதுனால நான் விடலைங்க. என் கண்ணையே நான் நம்பாமப் போனதுனால விட்டேன்."

"தெரியும்."

"தெரிஞ்சும் இருந்தீங்க."

தெரிந்தும்தான் இருந்தார்.

"இதுக்காகத்தான் என்னைக் கட்டிக்கிட்டீங்களா?"

காயில்காரர் யோசித்தார். இன்னொரு பொய்க்கு அவரிடம் தெம்பில்லை. "மொதல்ல வந்தது அதுக்காகத்தான். சொல்லிடணும்னு உங்க வீட்டுக்கு வந்தேன். நீ டீ கொடுத்தே. குடிச்சுட்டுச் சொல்லாமப் போயிட்டேன். மறுநாள் சொல்லலாம்னு வந்தேன்."

"எத்தனை நாள் வந்தீங்க?"

"எட்டு மாசம்."

"எட்டு மாசமும் டீ போட்டவ நான்தான்" என்று சொல்லிவிட்டு அவள் நாலாவது பஸ்ஸில் ஏறினாள். பக்கத்து இடத்தில் கைப்பையை வைத்துக்கொண்டாள். அவர் வீடு வரைக்கும் நின்றுகொண்டே வந்தார்.

நிகழ்ச்சிக்கு இன்னும் ஒன்பது நாள் இருந்தது. அந்த ஒன்பது நாளும் அவள் சோறு போட்டாள், துணி துவைத்தாள், "தண்ணி வந்துடுச்சு", "கதவைச் சாத்துங்க" என்று தேவைக்குப் பேசினாள். மகளிடம் ஒன்றும் சொல்லவில்லை. அதுதான் அவரை வாட்டியது. திட்டியிருந்தால் வாங்கிக்கொண்டிருப்பார். எட்டாம் நாள் அவரே பக்கத்தில் போய் நின்றார்.

"அங்கே கேப்பாங்க. என்னைச் சொல்லிடு. ஒளிக்க வேண்டாம்."

அவள் தைத்துக்கொண்டிருந்த நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். "நான் என்ன சொல்லணும்னு ஒருத்தர் எழுதிக் கொடுத்துப் பேசின காலம் போயிடுச்சுங்க. இந்தத் தடவை எனக்கு வசனம் கிடையாது."

சனிக்கிழமை சாயங்காலம் ஏழு மணி. காயில்காரர் கடையில்தான் பெரிய பெட்டி, யாரோ ரிப்பேருக்குக் கொடுத்தது. தையல்காரர் வந்தார், சலவைக்கூடத்துப் பெண்கள் ஆறு பேர் வந்தார்கள், ரொட்டிக்கடைக்காரன் வாசலில் நின்றான். மகள் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டு, கடைசி நிமிஷத்தில் வந்து அப்பா பக்கத்தில் ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

இதுவும் நேரடி நிகழ்ச்சிதான். பாட்டுப் பாடினவர்கள், செய்தி வாசித்தவர்கள் எல்லாரும் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். அவள் ஓரத்து நாற்காலி. படத்தைப் போட்டார்கள். அவள் எழுந்து ஓடியதும் அரங்கமே சிரித்தது, கடையிலும் சிரித்தார்கள். மகள் தலையைக் குனிந்துகொண்டாள்.

நிகழ்ச்சி நடத்துகிறவர் இன்னும் சிரிப்பு அடங்காமல் அவள் பக்கம் திரும்பினார். "ஏம்மா, கொஞ்சம் பொறுத்து எந்திரிச்சிருக்கக் கூடாதா?"

"பல்பு அணைஞ்சுது, எந்திரிச்சேன். அதுதானே என் வேலை."

"அணையலைன்னு அப்பவே சொன்னாங்களாமே."

"மறுபடி போடுங்க. பீரோக் கண்ணாடியில மேல ஒரு புள்ளி எரியும், அதைப் பாருங்க."

போட்டார்கள். புள்ளி எரிந்தது, துடித்தது, போனது. இந்தத் தடவை அவள் எழுந்தபோது ஒருத்தரும் சிரிக்கவில்லை. ரொட்டிக்கடைக்காரன், "அடப்பாவமே" என்றான்.

"அப்போ தப்பு உங்களோடது இல்லை" என்றார் நடத்துகிறவர், குரல் இறங்கி. "பல்பைப் பாத்துக்கிட்டது யாரு?"

கடையில் ஃபேன் சத்தம் மட்டும் கேட்டது. காயில்காரர் பெட்டியைப் பார்த்தபடி அசையாமல் இருந்தார்.

"ஒரு பையன். வெள்ளித்தாளை வச்சு ஒப்பேத்திட்டு, எரிஞ்சுதுன்னு பொய் சொல்லிட்டான். அதுக்கப்புறம் எங்க வீட்டுக்கு வந்து எட்டு மாசம் டீ குடிச்சான். அவனைத்தான் கட்டிக்கிட்டேன்." அரங்கத்தில் சிரிப்பு எழும்பியது. அவள் சிரிக்கவில்லை. "எனக்கே போன வாரம்தான் தெரியும். இருபத்தெட்டு வருஷம் என் கண்ணைச் சந்தேகப்பட வச்சாரு. அதை நான் இன்னும் மன்னிக்கலை. மன்னிப்பேனான்னும் தெரியலை." அவள் நேரே கேமராவைப் பார்த்தாள். "இப்ப பெட்டி முன்னால பொணம் மாதிரி உக்காந்திருப்பாரு. மூச்சு விடுங்க. சாப்பாடு மூடி வச்சிருக்கு."

அரங்கம் அதிர்ந்தது. கடையில் எல்லாரும் திரும்பிக் காயில்காரரைப் பார்த்தார்கள். நாளையிலிருந்து அவருக்கு என்ன பேர் வைப்பார்கள் என்று அவருக்கே தெரிந்தது. மகள் மட்டும் பார்க்காமல், தன் ஸ்டூலைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டாள். அந்த ஒரு சாண் இடைவெளிதான் அவருக்கு வலித்தது. பிறகுதான் தான் உண்மையிலேயே மூச்சை அடக்கிக்கொண்டிருந்தது தெரிந்து, விட்டார்.

நிகழ்ச்சி முடிந்தது. பேர்கள் மேலே ஓட ஆரம்பித்தன. நடத்துகிறவர் எழுந்தார், பாடினவர்கள் எழுந்தார்கள், ஒருத்தருக்கொருத்தர் கை கொடுத்தார்கள், யாரோ குறுக்கே ஓடினார்கள். ஓரத்து நாற்காலியில் அவள் மட்டும் மடியில் கை வைத்தபடி, இமைகூடத் தட்டாமல் உட்கார்ந்திருந்தாள்.

"என்ன அந்தம்மா உக்காந்தே இருக்கு?" என்றார் தையல்காரர். "முடிஞ்சது தெரியலையா?"

"பல்பு இன்னும் எரியுது" என்றார் காயில்காரர்.

பேர்கள் ஓடி முடிந்தன. படம் மறைந்து பெட்டி கறுத்தது. இந்தத் தடவை அவள் எழுந்ததை யாரும் பார்க்கவில்லை.